குப்பை போட்டால் காலம் நகரும்

உலகத்து எரிசக்தித் துறைகள் எல்லாம் ‘பேக் டு த ஃப்யூச்சர்’ படங்களைப் பார்த்துத் திருந்த வேண்டும். 1985-இல் வந்த முதல் படத்தில், தன் கார் காலத்தைத் தாண்ட 1.21 கிகாவாட் மின்சாரம் வேண்டும் என்று விஞ்ஞானி டாக்டர் பிரவுன் கணக்குப் போட்டார். ஏறக்குறைய ஒரு பெரிய அணு உலை தரும் அளவு, அவ்வளவுதான். அதற்கு வேண்டிய புளூட்டோனியத்தைத் தீவிரவாதிகளிடம் வாங்கிக்கொண்டு, பதிலுக்கு வெடிகுண்டு என்று சொல்லி விளையாட்டு மெஷினின் பழைய உதிரிபாகங்களைக் கட்டிக்கொடுத்தார். இதைவிட நேர்மையான கொள்முதல் எங்கே நடக்கிறது?

அடுத்து, இன்னும் சிக்கனம். எதிர்காலத்துக்குப் போய்வந்தவர், காரின் முதுகில் ஒரு குட்டி உலையை மாட்டி, குப்பைத்தொட்டியைக் கிளறி வாழைப்பழத் தோலையும் மிச்ச பீரையும் போட்டார். டப்பாவையும் விடவில்லை. மக்கும் குப்பை, மக்காத குப்பை என்று நம்மை எவ்வளவு வீணாகப் படுத்துகிறார்கள்!

மூன்றாம் படத்தில் இந்த அற்புத வண்டி 1885-இல் போய் இறங்கியது. நூற்றாண்டைத் தாண்டக் குப்பை போதும். சக்கரம் உருளப் பெட்ரோல்தான் வேண்டும். அதுவோ குழாய் கிழிந்து ஒழுகிப்போயிருந்தது. குதிரை பூட்டினார்கள், காலத்தைத் தாண்டத் தேவையான மணிக்கு 88 மைல் வேகம் வரவில்லை. விஸ்கியை ஊற்றினார்கள், எஞ்சினில் ஒரு பாகம் வெடித்தது. கடைசியில் ஒரு நீராவி ரயிலைக் கடத்திக் காரைத் தள்ளவிட்டார்கள். பசுமை எரிசக்திக்கு மாறுவதென்றால் இப்படித்தான், படிப்படியாக.