தொடர்பு எல்லைக்கு வெளியே இருந்து ஒரு விண்ணப்பம்

கைபேசி கோபுரங்களின் வழியே அருள்பாலிக்கும் மேன்மைதங்கிய அதிகாரி அவர்களின் திருச்சமூகத்துக்கு,

தாங்கள் மனமிரங்கி அனுப்பிய பதில் போன செவ்வாய்க்கிழமை தபாலில் கிடைத்தது. என் மனு முடித்துவைக்கப்பட்டதாம். மூன்று முறை அழைத்தும் மனுதாரர் ‘தொடர்பு எல்லைக்கு வெளியே’ இருந்தாராம். ஐயா, அந்த மனுவே என் வீட்டுச் சுவரிலிருந்து நாற்பதடியில் நிற்கும் டவரைப் பற்றியது. இதைவிட எல்லைக்குள் வர வேண்டுமென்றால் ஏணி போட்டு உச்சியில் போய்த்தான் உட்கார வேண்டும்.

கோபுர தரிசனம் கோடி புண்ணியம். பல் துலக்கும்போதும் தரிசனம், துணி காயப்போடும்போதும் தரிசனம் என்று எங்கள் தெருவே புண்ணியத்தில் மிதக்கிறது. கரண்ட் போனால் ஜெனரேட்டர் மேளம், கூடவே தூபம். டீசல் தூபம்தான், இருந்தாலும் கண்ணில் ஒற்றிக்கொள்கிறோம். மூலவர்தான் இரங்க மறுக்கிறார்: வீட்டுக்குள் டவர் கிடைப்பதில்லை.

ஏன் என்று டீக்கடையில் ஒரு டவர் மெக்கானிக் சொன்னார். ஆன்டெனாவின் வீச்சு பக்கவாட்டில் தூரத்தைப் பார்த்துப் போகிறதாம். காலடியில் கொஞ்சம்தான் விழுமாம். விளக்கடியில் இருட்டு! சிக்னல் இல்லாத காரணமும் புரிந்தது, கதிர்வீச்சு பயமும் பாதி இறங்கியது. நான்கு வருஷமாகத் தங்கள் அலுவலகம் சொல்லாததை ஒரு டீ செலவில் தெரிந்துகொண்டேன்.

நான் பீதி கிளப்புகிற ஆள் இல்லை. உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை 2011-ல் டவர் வீசும் ரேடியோ அலைகளைப் புற்றுநோய் ‘உண்டாக்கக்கூடும்’ என்ற 2பி பட்டியலில் சேர்த்தது. கிழக்காசிய ஊறுகாயும் அதே பட்டியலில்தான் இருக்கிறது. 2012 செப்டம்பரிலிருந்து டவர் கதிர்வீச்சுக்கு நம் நாட்டு வரம்பு, சர்வதேச வரம்பில் பத்தில் ஒரு பங்கு. பெருமைதான். எங்கள் தெருவில் எவ்வளவு என்றுதான் கேட்டேன். அளந்து பார்க்க 4,000 ரூபாய் கட்ட வேண்டுமாம். சிறப்பு தரிசனச் சீட்டு! தர்ம தரிசன வரிசை எந்தப் பக்கம் ஐயா?

கோர்ட்டுக்குப் போ என்கிறார்கள். 2017-ல் குவாலியரில், தன் நோய்க்கு டவர்தான் காரணம் என்று முறையிட்ட ஒரு வீட்டு வேலைக்காரருக்காக, ஏழு நாளில் அதை நிறுத்தச் சொன்னது உச்ச நீதிமன்றம். அந்தத் தெம்பில் செருப்பை மாட்டினால், 2021-ல் 5ஜி-க்கு எதிராக டெல்லி உயர் நீதிமன்றம் போன நடிகை ஜூஹி சாவ்லா நினைவுக்கு வருகிறார். அபராதமாக உண்டியலில் 20 லட்சம் ரூபாய் போடச் சொன்னார்கள். அடுத்த வருஷம் அது 2 லட்சமாகக் குறைந்தது. என் வேட்டியை அடகு வைத்தாலும் அந்தத் தள்ளுபடி விலைக்குக் கட்டாது.

எதிர்வீட்டு அக்கா கீமோ முடிந்து வந்து திண்ணையில் உட்கார்ந்து அண்ணாந்து பார்க்கிறார். “இதனாலதானா தம்பி?” என்கிறார். இருக்காது என்றுதான் நினைக்கிறேன். ஆனால் அதைச் சொல்ல நான் யார்? ஓர் ஆள் மீட்டரோடு வந்து அளந்து, அந்த எண்ணை விளக்குக் கம்பத்தில் ஒட்டிவிட்டுப் போக அரை நாள் ஆகுமா? அதற்குத் துப்பில்லை, என்னை எல்லைக்கு வெளியே தள்ளிக் கோப்பை மூட மட்டும் தெரிகிறது. வெட்கமாக இல்லையா உங்களுக்கு?

மன்னிக்க வேண்டும். சந்நிதியில் குரல் உயர்த்தியது என் பிழை. கன்னத்தில் போட்டுக்கொண்டேன்.

மனுவை மறுபடி திறக்கத் திருவுளம் கொண்டால், மாலை ஆறு மணிக்கு மேல் அழைக்கவும். அப்போது பால் வாங்க மூன்று தெரு தள்ளிப் போவேன். அங்கே அருமையாக டவர் கிடைக்கிறது.

இப்படிக்கு,
கோபுரத்தடி அடியேன்