வடசெலவு இயல்

பாயிரம் இல்லாமல் நூலைத் தொடங்கினால் புலவர்கள் கோபித்துக்கொள்வார்கள். ஆகவே முதலில் அது. நூற்பெயர், வடசெலவு இயல். செய்தவன், சங்கரன்கோவிலான். நுதலிய பொருள், தமிழ்நாட்டுச் சதுரங்கத்தார் நார்டிக் நாடுகளுக்குப் போய் ஆடி மீண்டதும் அவர்தம் வகைகளும். எல்லை, தெற்கே சங்கரன்கோவில், வடக்கே ரெய்க்யாவிக். பழைய இலக்கணிகளுக்கு வேங்கடத்தோடு வடக்கு முடிந்துவிட்டது. நமக்குப் பொதிகை எக்ஸ்பிரஸ் இருக்கிறது, அது எழும்பூரில் இறக்கிவிட்டால் மீனம்பாக்கம் இருக்கிறது. கேட்போர், காய் நகர்த்தத் தெரிந்தும் தோற்பவர்கள். பயன், கேட்போர் பாடு.

'நார்டிக் போட்டி என்றால் டென்மார்க்கின் பெண்ட் லார்சனைப் பற்றியன்றோ எழுத வேண்டும்?' என்பாரும் உளர். 1955 நார்டிக் போட்டியில் ஐஸ்லாந்தின் ஃப்ரித்ரிக் ஓலாஃப்ஸனோடு சமநிலையில் முடித்து, அடுத்த ஆண்டு தனிப்போட்டியில் அவரை வென்றவர் லார்சன்; பெரிய ஆள்தான். ஆனால் அக்கம்பக்கத்து நாட்டில் போய் ஜெயிப்பதை இந்நூல் செலவு என்று கொள்ளாது. அவருக்கு அவர் ஊர்க்காரர்கள் உரை எழுதிக்கொள்ளட்டும்.

வடசெலவினரை வகை பிரிக்கச் சங்கரன்கோவிலுக்கு என்ன தகுதி எனின், கூறுதும். சிவன் பெரியவரா, திருமால் பெரியவரா என்று சங்கன், பதுமன் என்னும் இரு நாக அரசர்கள் வாதிட்டார்கள். கோமதியம்மன் தவமிருந்தாள். இறைவன் பாதி சிவன், பாதி திருமாலாகச் சங்கரநாராயணராய்க் காட்சி கொடுத்தான். ஆளுக்கு அரைப் புள்ளி. இரண்டு தரப்பும் மனநிறைவோடு எழுந்துபோன டிரா சதுரங்க வரலாற்றில்கூட அரிது. நாங்களோ அதை ஆடி மாதந்தோறும் தபசுத் திருவிழாவாகக் கொண்டாடி, புற்றுமண் பூசிக்கொண்டு வீடு திரும்புகிறோம். இதைவிட என்ன தகுதி வேண்டும்?

வடசெலவினர் மூவகைப்படுவர்: கடைநின்று வென்றோர், தலைநின்று மீண்டோர், மேசை அதிரச் செய்தோர் என. நாலாவது ஒன்றும் உண்டு; அது புறனடையில் வரும்.

கடைநின்று வென்றோர் என்னும் வகையில் இருப்பவர் ஒருவரே. ஒருவருக்கு ஒரு வகையா என்றால், ஆம், அவருக்கு அது தகும். மானுவல் ஆரோன், 1935இல் பர்மாவில் பிறந்து தமிழ்நாட்டில் வளர்ந்தவர். 1961இல் ஆஸ்திரேலியாவின் பர்டியை 3–0 என்று சாய்த்தார். பர்டி சாமானியர் அல்லர், அஞ்சல் வழிச் சதுரங்கத்தின் முதல் உலக சாம்பியன். அவ்வெற்றியால் ஆரோன் இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டர் ஆனார்; கூடவே உலகப் பட்டத்துக்கான தகுதிச் சுற்றாகிய 1962 ஸ்டாக்ஹோம் இன்டர்ஸோனல் போட்டிக்கு இடமும் கிடைத்தது. அக்காலத்தில் நம் ஊர்த் திண்ணைகளில் கோட்டை கட்டும் வழக்கமே வேறு. செக் வாங்காத ராஜா ஒரே ஒருமுறை குதிரையைப் போலத் தாவி ஒதுங்கிக்கொள்ளலாம். அப்படி ராஜா தாவிக்கொண்டிருந்த நாட்டிலிருந்து ஒருவர் கொட்டும் பனியில் போய் இறங்குகிறார். எதிரே ஃபிஷர், பெத்ரோஸியான், கெல்லர், கோர்ச்னாய்.

ஆடியவர்கள் 23 பேர். ஆளுக்கு 22 ஆட்டம். 18 வயது ஃபிஷர் 17½ புள்ளியோடு முதலிடம். ஆரோன் 4 புள்ளியோடு இருபத்து மூன்றாம் இடம், அதாவது கடைசி. சோம்பேறி வரலாற்றாசிரியர் இங்கே புத்தகத்தை மூடிவிடுவார். நாம் மூடக் கூடாது. அந்த 4 புள்ளிக்குள் இரண்டு தலைகள் கிடக்கின்றன: ஹங்கேரியின் லாயோஷ் போர்ட்டிஷ், கிழக்கு ஜெர்மனியின் வோல்ஃப்காங் உல்மன்.

இனித்தான் உரைகாரனுக்கு வேலை. அடுத்த கட்டமான கேண்டிடேட்ஸ் போட்டிக்கு முதல் ஆறு பேர் போகலாம். ஆறாம் இடத்தில் 13½ புள்ளியோடு பெங்கோ, கிளிகோரிச், ஸ்டைன் மூவரும் சமமாக நின்றார்கள். அவர்களுக்குத் தனிப்போட்டி நடந்தது. ஸ்டைன் அதில் முந்தினார். ஆனாலும் சோவியத் நாட்டார் மூவருக்குமேல் போகக் கூடாதென்ற விதி அவரை நிறுத்திவிட, பெங்கோ போனார். உல்மனும் போர்ட்டிஷும்? இருவருக்கும் 12½. ஒரே ஒரு புள்ளி குறைவு. கடைசி இடத்துக்காரரிடம் இருவரும் இழந்தது ஆளுக்கு ஒரே ஒரு புள்ளி. அதை இழக்காமல் இருந்திருந்தால் தனிப்போட்டியில் மூவரல்லர், ஐவர். பட்டியலின் அடியில் கிடந்தவர் மேலே யார் ஏறுவது என்பதில் கைவைத்துவிட்டுத்தான் விமானம் ஏறியிருக்கிறார். அடியில் இருப்பவனை அலட்சியமாக ஆடினால் என்ன ஆகும் என்று அவ்விருவருக்கும் யாரும் எடுத்துச் சொல்லியிருக்கத் தேவையில்லை.

தலைநின்று மீண்டோர் எண்ணிக்கையில் மிகுதி. ஆகவே உரை சுருங்கும். நாகப்பட்டினத்துக்காரர் அதிபன் 2018இல் ரெய்க்யாவிக் ஓப்பனை வென்றார். பிரக்ஞானந்தா 2019இல் டென்மார்க்கின் ஹெல்சிங்கோரில் 10க்கு 8½ எடுத்தார்; 2022இல் ரெய்க்யாவிக், அதே ஆண்டு நார்வே செஸ் போட்டியின் ஓப்பன் பிரிவு என்று வரிசையாக வாரிக்கொண்டார். 2020இல் டென்மார்க்கின் ஹில்லெரோடில் வென்றவர் குகேஷ். இவ்வகைக்குள் ஓர் உள்வகை உண்டு: கோப்பையோடு பட்டமும் கொணர்ந்தோர். காரைக்குடிப் பையன் பிரணேஷ் 2023 ஜனவரியில் ஸ்டாக்ஹோமின் ரில்டன் கோப்பையை வென்று இந்தியாவின் 79ஆவது கிராண்ட்மாஸ்டர் ஆனார். அதே ஸ்டாக்ஹோம்; ஆரோன் கடைசியாக நின்ற ஊர். இடையில் 61 ஆண்டு. அந்த இடைவெளியில் 1972இல் ஆரோன் சென்னை சோவியத் பண்பாட்டு மையத்தில் தொடங்கிய தால் சதுரங்கக் கழகமும் இருக்கிறது. அங்கே வந்து போன சிறுவர்களில் ஒருவன் ஆனந்த்.

மேசை அதிரச் செய்தோர் என்பார், நார்வேக்காரர் கார்ல்ஸனை அவர் வீட்டு முற்றத்திலேயே வீழ்த்தியவர்கள். நார்வே செஸ் போட்டியில் எங்கள் ஊர்த் தீர்ப்பு செல்லாது. டிரா ஆனால் ஆளுக்கு ஒரு புள்ளி கொடுத்துவிட்டு, உடனே 'ஆர்மகெடான்' என்று மறுபடி உட்கார வைக்கிறார்கள்: வெள்ளைக்கு 10 நிமிடம், கறுப்புக்கு 7, அதுவும் டிரா ஆனால் கறுப்புக்கே வெற்றி. சங்கனையும் பதுமனையும் அங்கே அனுப்பியிருந்தால் தபசுக்கு வேலையே இருந்திருக்காது. 2022இல் 52 வயது ஆனந்த் இந்த ஆர்மகெடானில்தான் கார்ல்ஸனை மடக்கினார். 2024இல் பிரக்ஞானந்தா வழக்கமான நெடிய ஆட்டத்திலேயே வென்றார். 2025 ஜூன் 1 அன்று உலக சாம்பியன் குகேஷ் வென்றபோது கார்ல்ஸன் மேசையில் ஓங்கிக் குத்தினார். காய்கள் சிதறின, காணொளி உலகம் சுற்றியது. அது கார்ல்ஸன் கையில் இருந்து நழுவிய ஆட்டம். சத்தம் கேட்காத 2024 ஆட்டமே தரத்தில் உயர்ந்தது என்பது இவ்வுரைகாரன் கருத்து. மறுப்போர் மறுக்க.

புறனடை: தாம் ஆடாது பிறரை ஆடுவித்தோரும் வடசெலவினரே. பிரக்ஞானந்தா, வைஷாலி இருவரின் தாய் நாகலட்சுமி, வெளிநாட்டுப் போட்டிகளுக்குக் குக்கரும் அரிசியும் கொண்டுபோய் ரசம் சோறு சமைத்துக் கொடுப்பவர். குகேஷின் தந்தை ரஜினிகாந்த், காது மூக்குத் தொண்டை மருத்துவர், மகனோடு அலைவதற்காகத் தொழிலை நிறுத்திவைத்தவர். இவர்கள் பெயர் எந்தப் புள்ளிப் பட்டியலிலும் வராது, இந்நூலில் வருகிறது.

தரவரிசை கேட்பீர்களாயின் தீர்ப்பு இது: மூன்று வகையுள்ளும் தலையாயது கடைநின்று வென்றோர் வகையே. கோப்பை எடுத்தவர்களுக்குப் பயிற்சியாளரும் கணினியும் துணை இருந்தன. 1962இல் ஆரோனுக்கு அந்தக் கணினி இல்லை, தன்னாட்டில் அவருக்கு முன்னால் அந்த வழியில் போனவரும் இல்லை. ஆதலால் ஸ்டாக்ஹோம் பட்டியல் கையில் கிடைக்குமாயின், அன்பர்கள் அதைக் கீழிருந்து மேலாகப் படிக்கவும்.