ஜிப்பியல்

யாரோ ஏற்றிவைத்து, யாரோ பகிர்ந்து, ஒருவரும் விளக்கம் எழுதாமல் விட்ட ஜிப், ரார் கோப்புகள் இணையமெங்கும் கிடக்கின்றன. அவற்றுக்கு இதுவரை இலக்கணம் செய்தார் இல்லை. உருபு மறைந்து நின்று பொருள் தருவது தொகை என்று பள்ளியிலேயே படித்தோம். கோப்பும் அப்படியே. ஆகவே அதற்கும் ஆறு வகை. ஏழாவதைக் கண்டுபிடிக்கும் துணிச்சல் இவ்வாசிரியருக்கு இல்லை.

யாரால், யாருக்கு, யாருடைய என்பவை தொக்கி நிற்பது வேற்றுமைத்தொகை. முன்பின் தெரியாதவரிடமிருந்து மின்னஞ்சலில் வருவன பெரும்பாலும் இவ்வகையே. 2004இல் பரவிய பேகிள் புழு இதில் ஒரு நயம் சேர்த்தது. கோப்பைக் கடவுச்சொல் போட்டுப் பூட்டி, அச்சொல்லை அதே மடலில் எழுதி அனுப்பியது. பூட்டின் உள்ளே ஆன்டிவைரஸால் பார்க்க முடியாது, பெற்றவரால் முடியும். ஆன்டிவைரஸ் மடலைப் படித்துக் கடவுச்சொல்லைப் பொறுக்கக் கற்றதும், புழு அதைப் படமாக வரைந்து அனுப்பலாயிற்று.

வினைத்தொகை காலம் காட்டாது. 2010 ஜூலையில் விக்கிலீக்ஸ் தன் ஆப்கானிஸ்தான் போர் ஆவணங்களின் பக்கத்தில் 'இன்ஷூரன்ஸ்' என்ற 1.4 ஜிபி கோப்பை வைத்தது. எவரும் இறக்கிக்கொள்ளலாம், சாவி மட்டும் கூடவே வரவில்லை. அது திறந்த கோப்பா, திறக்கின்ற கோப்பா, திறக்கும் கோப்பா? 'திறகோப்பு' என்றே வழங்குக. அது மறையாக்கப்பட்டதேயன்றிச் சுருக்கப்பட்டதன்று என்று ஒருவர் சொல்வாராயின், திறக்கவே இயலாததன் உள்ளே சுருக்கம் உண்டா இல்லையா என்று அறிந்தவர் யார் எனக் கேட்டு அவர் வாயை அடைக்க.

பண்புத்தொகை 'ஃபைனல்', 'ஃபைனல்_ஒரிஜினல்', 'ஃபைனல்_லேட்டஸ்ட்_2' என வரும். எல்லா அலுவலகங்களிலும் உண்டு; விளக்க வேண்டியதில்லை.

உம்மைத்தொகைக்குத் தலைசிறந்த எடுத்துக்காட்டு '42' என்னும் ஜிப். அளவு 42 கிலோபைட். உள்ளே 16 ஜிப். அவை ஒவ்வொன்றின் உள்ளும் 16. இப்படி ஐந்து அடுக்கு. அடியில் கிடப்பவை ஒவ்வொன்றும் 4.3 ஜிபி. இதுவும் அதுவும் அதற்குள் இருப்பதும் எல்லாம் விரிந்தால் 4.5 பெட்டாபைட். ஒன்றே திரும்பத் திரும்ப வந்தால் 'இதுவே இன்னும் இத்தனை முறை' என்று குறித்துக்கொள்வதுதான் சுருக்கும் கலை. எனவே சொல்ல ஒன்றுமில்லாத கோப்பே மிக நன்றாகச் சுருங்கும். (மேடைப் பேச்சுக்கு இதைப் பொருத்திப் பார்ப்பவர் பார்க்க.) எதையும் விரித்துப் பார்த்தே தீரும் கடமையுணர்ச்சி மிக்க ஆன்டிவைரஸ்தான் இந்த ஜிப்புக்கு இரை. 2019இல் டேவிட் ஃபிஃபீல்ட் அடுக்கே இல்லாமல் 10 எம்பியை 281 டெராபைட்டாக விரித்துக் காட்டினார். ஒரே தரவுத் துண்டை உள்ளிருக்கும் பல பெயர்களும் பங்கிட்டுக்கொள்ளும்படி அமைத்ததே சூட்சுமம்.

உவமைத்தொகையில் 'போல' மறைந்திருக்கும். எக்ஸ்இசட் என்பது ஒரு சுருக்கும் கருவி. 2024 தொடக்கத்தில் அதன் மூலநிரலோடு இரண்டு சோதனைக் கோப்புகள் வந்து சேர்ந்தன. ஒன்றின் பெயர் 'பேட்' என்றும் மற்றதன் பெயர் 'குட்' என்றும் தொடங்கும். சிதைந்த கோப்பைக் கொடுத்துக் கருவியைச் சோதிப்பது வழக்கம்தான் என்பதால் ஒருவரும் ஐயுறவில்லை. கெட்டவன் என்று தானே சொல்லிக்கொண்டு வருபவனை யார் சந்தேகிப்பார்? கணினிக்குள் கள்ளத்தனமாக நுழைய வைத்த பின்கதவு, சோதனைக் கோப்பு போல அந்த இரண்டிலும் ஒளிந்திருந்தது. எஸ்எஸ்எச் வழி உள்நுழைய அரை நொடி கூடுதலாகிறதே என்று துருவிய ஆந்த்ரேஸ் ஃப்ராய்ண்ட் என்ற பொறியாளர் மார்ச் 29 அன்று அதை அம்பலப்படுத்தினார். அரை நொடிதானே என்று அவர் விட்டிருந்தால் இந்த இயலுக்கு உதாரணம் கிடைத்திராது. உலகத்துக்கு வேறு தொல்லைகள் கிடைத்திருக்கும்.

அன்மொழித்தொகையில் பொருள் வெளியிலிருந்து வரும். வேர்டின் டாக்எக்ஸ், மின்னூலுக்கான இபப், ஆண்ட்ராய்டின் ஏபிகே எல்லாம் வேறு பெயரில் உலவும் ஜிப்களே. தொடக்கத்தைச் சோதித்தால் பெரும்பாலும் 'பிகே' என்றிருக்கும். 1989இல் ஜிப்பை வெளியிட்ட ஃபில் காட்ஸின் தலைப்பெழுத்துகள் அவை. வாட்ஸ்அப்பில் 'கல்யாணப் பத்திரிகை' என்று வரும் ஏபிகே இவ்வகையின் நம்மூர் வழக்கு. கல்யாணத்திலும் இல்லாத, பத்திரிகையிலும் இல்லாத வங்கிக் கணக்கு என்னும் பொருள் அதில் தோன்றும். மொய் முன்கூட்டியே போய்விடும்.

இனிப் புறனடை. ஆறிலும் அடங்காதது எச்சம்: ஏழு பகுதியாக வெட்டிய ராரில் ஐந்தாவது மட்டும் கிடைக்காதது. மற்ற ஆறையும் அழிக்க மனம் வராமல் ஒருவர் வைத்திருப்பார். அவர் அதைத் திறந்து பார்க்கும்போதெல்லாம், 40 நாள் இலவசக் காலம் என்றோ முடிந்துவிட்டது என்று வின்ரார் பணிவோடு நினைவூட்டும்.