காய்ச்சல் அவர்களுக்கு ஒரு விண்ணப்பம்

மாண்புமிகு காய்ச்சல் அவர்களே,

அம்பத்தூர் தொழிற்பேட்டையில் காண்ட்ராக்டில் வேலை பார்க்கும் நாங்கள் பணிந்து எழுதுவது. தாங்கள் முன்னறிவிப்பின்றி வந்துவிடுகிறீர்கள். இனிமேல் சட்டப்படி வரவும்.

1948இல் வந்த ஈ.எஸ்.ஐ. எனும் தொழிலாளர் காப்பீட்டுச் சட்டத்தின் கருணையைத் தாங்கள் அறியவில்லை போலும். சம்பளத்தில் நூற்றுக்கு முக்கால் ரூபாய் எங்களுடையது, மூன்றேகால் முதலாளியுடையது. படுத்துவிட்டால் கூலியில் 70 சதவீதம், ஆண்டுக்கு 91 நாள் வரை கிடைக்கும். சின்ன நிபந்தனைதான்: ஆறு மாதத்தில் 78 நாளாவது எங்கள் பேரில் சந்தா ஏறியிருக்க வேண்டும். புதிதாகச் சேர்ந்தவர் அந்தப் பணத்தைப் பார்க்க 9 மாதம் ஆகும். பிள்ளையே பிறந்துவிடும், தாங்களும் அதுவரை பொறுத்தருள வேண்டும்.

வைத்தியம் மட்டும் முதல் நாளே உண்டாம். அதற்கு ஐ.பி. நம்பர் எனும் காப்பீட்டு எண் வேண்டும். சம்பளத்தில் பிடித்தம் இருக்கும், கணக்கில் பெயர் இருக்காது. எங்களோடு நிற்கும் ஒடிசாத் தம்பியைக் கேட்டால் மேஸ்திரிக்குத் தெரியும் என்பான். மேஸ்திரி காண்ட்ராக்டரைக் கைகாட்டுவார். காண்ட்ராக்டரைக் கேட்டால், "நாளையிலிருந்து வர வேண்டாம்."

நம்பர் கிடைத்தவர் பெரிய வைத்தியத்துக்கு அயனாவரம் ஈ.எஸ்.ஐ. ஆஸ்பத்திரிக்குப் போகலாம். சிகிச்சை இலவசம், அன்றைய கூலி காணிக்கை. அதனால்தான் மெடிக்கல் ஷாப் மாத்திரையை விழுங்கிவிட்டு மிஷின் முன் நிற்கிறோம். பிரஸ் மிஷினில் விரல் போனால் நிபந்தனையே கிடையாது, முதல் நாளே உதவி உண்டு. ஆனால் ஈ.எஸ்.ஐ.க்குப் போனால் விபத்து ரிப்போர்ட் எழுத வேண்டுமே! ஆகவே பக்கத்து நர்சிங் ஹோமில் கட்டுப் போட்டு, கையில் கொஞ்சம் பணம் திணித்து, விரலின் கணக்கை முடித்துவிடுகிறார்கள்.

காண்ட்ராக்ட் ஆளுக்கும் முதலில் சந்தா கட்ட வேண்டியவர் கம்பெனிக்காரரே என்றும், பிடித்ததைக் கட்டாவிட்டால் ஓராண்டுக்குக் குறையாத சிறை என்றும் அதே சட்டம் எழுதி வைத்தது. நாங்கள் ஒரு போல்ட்டைப் பையில் போட்டால் கேட்டுக்கே போலீஸ் வரும். எங்கள் பையிலிருந்து மாதாமாதம் எடுத்தவருக்கு நோட்டீஸ் வரும். பதில் எழுத அவகாசமும் வரும். போல்ட்டுக்கு இருக்கும் மரியாதை எங்கள் உடம்புக்கு இல்லை.

இதையெல்லாம் தங்களிடம் ஏன் சொல்கிறோம்? ஆபீஸ்களுக்கு எழுதினால், நாங்கள் அங்கே வேலை செய்வதற்கே ஆதாரம் கேட்கிறார்கள். அட்டையும் நம்பரும் கேட்காமல், தொழிலாளி என்று எங்களை அடையாளம் கண்டவர் தாங்கள் ஒருவர்தான்.

இப்படிக்கு,
பதிவேட்டில் இல்லாத, ஆனால் இன்றும் இரண்டு ஷிப்ட் பார்த்த தொழிலாளர்கள்.