கடன் வாங்கினால் பெரிதாக வாங்கு

காட்பாடி, பேரணாம்பட்டு, ஆம்பூர் பக்கம் பத்துத் தையல் மெஷின் போட்டு ஷூ அப்பர் தைத்துக் கொடுக்கும் சிறு முதலாளிகளே, நீங்கள் செய்த குற்றம் கடன் வாங்கியதல்ல. கொஞ்சமாக வாங்கியது.

2025 ஆகஸ்டில் அமெரிக்கா நம் சரக்குக்கு 50 சதவீத வரி போட்டது. ஆர்டர் தருகிற கம்பெனி கையை விரித்தால் ஜாப் ஒர்க்காரர் யாரிடம் போய்க் கையை விரிப்பார்? தவணை 90 நாள் தள்ளினால் கணக்கு வாராக்கடன். பிறகு 2002-ஆம் ஆண்டு சர்ஃபேசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ். அதற்குள் கட்டாவிட்டால், வழக்கே போடாமல் வங்கி உங்கள் ஷெட்டுக்குப் பூட்டுப் போடலாம். வேண்டுமானால் கலெக்டர் உத்தரவும் போலீஸும் துணைக்கு வரும். கதவில் நோட்டீஸ், இரண்டு பத்திரிகையில் விளம்பரம். ஒன்று கட்டாயம் தமிழில். சம்பந்தி வீட்டார் படிக்க வேண்டாமா?

எதிர்த்துக் கேட்க வழியில்லையா என்றால், பேஷாக உண்டு. சிவில் கோர்ட் கதவைச் சட்டமே சாத்திவிட்டதால், 45 நாளுக்குள் ரயிலேறிச் சென்னைக் கடன் வசூல் தீர்ப்பாயத்துக்குப் போங்கள். அங்கே தோற்றால் மேல்முறையீடு. கடனில் பாதியைக் கட்டிவிட்டுத்தான் உள்ளே நுழையலாம். மனமிரங்கினால் கால் பங்கு, அதற்குக் கீழே கிடையாது. கட்டப் பணமில்லை என்று வருகிறவனிடம், அதைச் சொல்வதற்கே பணம் கட்டு என்கிற மூளை யாருடையதோ! முதல் படியிலேயே முக்கால் பங்கு கேட்டவர்கள்தான் இவர்கள். 2004-இல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை வெட்டியது. அந்த மட்டில் புண்ணியம்.

சரி, ஒரே தடவையில் முடித்துக்கொள்ள ஓடிஎஸ் கேட்கலாமே? 2021 டிசம்பரில் பிஜ்னோர் நகரக் கூட்டுறவு வங்கி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: ஓடிஎஸ் கடனாளியின் உரிமையல்ல, தருவதும் மறுப்பதும் வங்கியின் வணிக விவேகம்.

அந்த விவேகத்தின் அழகை ஆறே மாதத்தில் பார்த்தோம். சென்னை சிவா இண்டஸ்ட்ரீஸ் பாக்கி 4,800 கோடிக்கு மேல். முந்நூற்றுச் சொச்சம் கோடி போதும் என்று கடன் கொடுத்தவர்களே 94 சதவீத வாக்கில் தலையாட்டினார்கள். தேசியக் கம்பெனிச் சட்டத் தீர்ப்பாயம் கூடாது என்றது. மேல்முறையீட்டுத் தீர்ப்பாயமும் கூடாது என்றது. 2022 ஜூனில் உச்ச நீதிமன்றம் ஆகலாம் என்றது. காரணம், அதே வணிக விவேகம்! ஷெட்டுக்காரர் தள்ளுபடி கேட்டால் பல்லைக் காட்டுகிற விவேகம், கம்பெனிக்காரர் கேட்டால் வாலை ஆட்டுகிறது. இரண்டிலும் கோர்ட் தலையிடாதாம். தலையிடாமலே ஒருவனைத் தெருவில் நிறுத்தவும் இன்னொருவரைக் கரையேற்றவும் முடிகிற நாடு இது.

நொடிக்கும் சிறு தொழிலைத் தூக்கிவிட மத்திய அரசு 2015-லேயே மறுசீரமைப்பு விதி போட்டது. அது வங்கிகளைக் கட்டுப்படுத்தும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லவே 2024 ஆகஸ்டில் புரோ நிட்ஸ் வழக்கு வரவேண்டியிருந்தது. அதிலும் ஒரு கொக்கி: கணக்கு வாராக்கடன் ஆவதற்கு முன்பே, சிறு தொழில் என்பதற்கான சான்றோடு நீங்களே போய்க் கேட்டிருக்க வேண்டும் என்றது அந்தத் தீர்ப்பு. ஆகவே தவணை தவறப்போகிறது என்று தெரிந்த அன்றே உத்யம் பதிவுச் சான்றை இணைத்து மனுக் கொடுங்கள். மேனேஜர் வாய்வார்த்தையாகப் பார்க்கலாம் என்பார். முத்திரை வைத்த நகல் கைக்கு வராமல் கிளையை விட்டு வெளியே வராதீர்கள்.