நிலப் பதிவேட்டுக்கு ஒரு பேரனின் விண்ணப்பம்

அனுப்புநர்: காலமான நில உரிமையாளர் ஒருவரின் உயிரோடிருக்கும் பேரன், மலாக்கா மாநிலம்.

பெறுநர்: மகாகனம் பொருந்திய நிலப் பதிவேடு அவர்கள்.

பொருள்: தாத்தா இறந்துவிட்டார் என்பதைத் தங்கள் கவனத்துக்குக் கொண்டுவருதல்.

பெருமதிப்புக்குரிய பதிவேடு அவர்களே,

1896-இல் டான் சே யான் என்பவர் நாட்டின் முதல் வணிக ரப்பர் தோட்டத்தைப் போட்டது நம் மலாக்காவில், புக்கிட் லிந்தாங்கில். அதற்குப் பிறகு இங்கே தலைமுறை தலைமுறையாகப் பால் வெட்டிய தமிழர்களில் பெரும்பாலோர் தங்கள் ஏட்டில் ஏறவே இல்லை. லயத்து வீடு கம்பெனியுடையது; வேலை போனால் வீடும் போயிற்று. வாயைக் கட்டி வயிற்றைக் கட்டி ஒரு துண்டு நிலம் வாங்கி, ஏட்டில் ஏறிய சிலரில் என் தாத்தாவும் ஒருவர்.

ஏறியவர் இறங்க மறுக்கிறார் என்பதுதான் இப்போது சிக்கல். அவருக்குக் கொள்ளி வைத்ததை ஊரே பார்த்தது. தாங்கள் மட்டும் ஆண்டுதோறும் அவர் பெயருக்கே நிலவரிச் சீட்டு அனுப்புகிறீர்கள். நான்தான் கட்டுகிறேன். முகப்பிடத்தில் இருப்பவர் "நீங்கள் அவருக்கு என்ன வேண்டும்?" என்று ஒருமுறைகூடக் கேட்டதில்லை. அதே நிலத்தை வாரிசுகள் பெயருக்கு மாற்றுங்கள் என்று பக்கத்து முகப்பிடத்தில் நின்றால்தான் என் பிறப்பின்மீதே ஐயம் வருகிறது.

தாத்தாவின் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. எழுதினால் நான்காவதாக ஓர் எழுத்துக்கூட்டல் பிறந்துவிடும். தமிழில் அவருக்கு ஒரே பெயர்தான். தோட்டத்துக் கிராணி காதில் விழுந்தபடி ரோமன் எழுத்தில் ஒன்றை எழுதினார். அடையாள அட்டையான ஐ.சி.யில் அதோடு ஓர் 'ஓ' சேர்ந்தது. நிலப் பட்டாவான கிராண்டில் அந்த 'ஓ' போய் 'யு' வந்தது. கூடவே தகப்பனார் பெயரும் காணாமல் போயிற்று. மூன்றையும் எழுதியவர்கள் மேசைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தவர்கள். இந்தப் பக்கம் நின்றவர் கைநாட்டுதான் வைத்தார். மூவரும் ஒருவரே என்று சத்தியப் பிரமாணம் செய்யவேண்டியவன் மட்டும் நான். கிராண்டு பதிவான நாளில் என் அப்பாவே பிறந்திருக்கவில்லை!

எழுத்தில் தாங்கள் இவ்வளவு கறார் என்று தங்கள் பினாங்குச் சகோதரரிடம் சொல்லிப் பாருங்கள். அங்கே தஞ்சோங் பூங்காவில் தாய்லாந்துப் பெண்மணி ஒருவருக்கு நிலம் இருந்தது. 1980-களின் இறுதியில் ஒரு மோசக்காரி, பெயரில் ஓர் 'ஓ'வைக் கூடுதலாக வைத்துக்கொண்டு, கிராண்டு தொலைந்துவிட்டது, அந்தப் பெயரும் இந்தப் பெயரும் ஒன்றே என்று சத்தியப் பிரமாணம் செய்தாள். சகோதரர் நம்பினார், நிலம் கைமாறியது. 2000-ஆம் ஆண்டு இறுதியில், அந்த நிலத்தைப் பற்றிய அடோர்னா வழக்கில், கூட்டரசு நீதிமன்றமும், அதை வாங்கிய நிறுவனத்தின் பதிவே செல்லும் என்றது. அந்தத் தீர்ப்பு தவறு என்று அதே நீதிமன்றம் வேறொரு வழக்கில் சொல்ல 2010 ஜனவரி ஆயிற்று. மோசக்காரியின் 'ஓ' கண்ணில் படவில்லை. கைநாட்டுக்காரரின் 'ஓ' மட்டும் உறுத்துகிறது.

தங்கள் குலப்பெருமை தெரியாமல் பேசவில்லை. 1858-இல் தென் ஆஸ்திரேலியாவில் ராபர்ட் டோரன்ஸ் பெற்றெடுத்த பிள்ளை தாங்கள். பழைய பத்திரக் கட்டுகளோடு கிடந்த மலாக்காவுக்கும் பினாங்குக்கும் 1963-ஆம் ஆண்டுச் சட்டம் 1966-இல் தங்களைக் கொண்டுவந்து சேர்த்தது. ஏட்டில் இருப்பவரே உரிமையாளர் என்றானதும் தாத்தாவைப் போன்றவர்கள் நிம்மதியாகத் தூங்கினார்கள். தூங்கியவர் எழுந்திருக்கவில்லை என்பதைத்தான் ஏடு கவனிக்கவில்லை.

பெயர் மாற்ற வழி இருக்கிறதே என்பீர்கள். நல்ல வழிதான். 1955-ஆம் ஆண்டுச் சிறு சொத்துப் பங்கீட்டுச் சட்டப்படி ஏ பாரம் கொடுத்தால், உயர் நீதிமன்றம் ஏறாமல் நில அலுவலகத்திலேயே விசாரணை முடியும். 2024 ஜூலையில் உச்சவரம்பை ஐந்து மில்லியன் ரிங்கிட்டாகவும் உயர்த்திவிட்டார்கள். ஆனால் வாரிசுகள் எல்லோரும் வரவேண்டும், அல்லது ஒப்புதல் தரவேண்டும். தாத்தாவுக்குப் பின் பாட்டி போனார். பிறகு பெரியப்பா, பிறகு அத்தை. 1958-ஆம் ஆண்டுப் பங்கீட்டுச் சட்டம் மனைவிக்கு மூன்றில் ஒன்று, பிள்ளைகளுக்கு மூன்றில் இரண்டு என்கிறது. ஒவ்வொரு சாவுக்கும் பங்கு மறுபடி பிரிகிறது. சிங்கப்பூரில் இருக்கும் அத்தை மகனுக்கு ஒரு ரம்புத்தான் மரத்தின் நிழல்கூடத் தேறாது. ஆனாலும் அவர் கையெழுத்து வேண்டும். அவருடைய பிறப்புப் பத்திரத்தில் அத்தையின் பெயர் எப்படி எழுதியிருக்கும் என்பதைத் தாங்களே ஊகித்திருப்பீர்கள்.

ஆகவே ஒரே வேண்டுகோள்: இரண்டு முகப்பிடங்களுக்கும் ஒரே நியாயம் இருக்கட்டும். அடுத்த ஆண்டு நான் வரி கட்ட வரும்போது, பேரன் என்பதற்கு ஆதாரம் கேளுங்கள். எழுத்து ஒத்துவரவில்லை என்று பணத்தைத் திருப்பித் தாருங்கள். மனம் வராவிட்டால், இத்தனை ஆண்டு வாங்கிய பணத்துக்குக் கொடுத்த ரசீதுகளையே உறவுக்குச் சாட்சியாக எடுத்துக்கொள்ளுங்கள்.

வரியை நிறுத்திப் பார்க்கலாமே என்று நண்பர்கள் சொல்கிறார்கள். நிறுத்தினால் 6ஏ நோட்டீஸ் வரும். மூன்று மாதத்துக்குள் கட்டாவிட்டால் நிலம் மாநில அரசுக்குப் போய்விடலாம். அந்த நோட்டீசும் தாத்தா பெயருக்குத்தான் வரும். அப்படி நிலத்தை எடுத்துக்கொள்ளும்போது மட்டும் அவர் பெயரில் எத்தனை 'ஓ' என்று யாரும் எண்ணமாட்டார்கள்.

இப்படிக்கு,
தங்களுக்கு யாரென்றே தெரியாத, தவறாமல் வரி கட்டும் பேரன்