பெரியப்பாவின் பெயரில் இருந்த சொல்

பேசியே ஆளைச் சலிக்க வைப்பவருக்குப் பெயர் வைக்க, தமிழ் இளைஞர்கள் நெடுங்காலம் கூரான சாமான்களையே தேடிப்போனார்கள். நான் படித்த காலத்தில் அவர் 'ரம்பம்'. அவருடைய பேச்சு 'அறுவை'. விடுதி அறைகளில் 'பிளேடு போடுறாண்டா' என்பார்கள். 'கடி' என்ற சொல்லும் வந்து, கடி ஜோக்குகள் பத்திரிகைகளில் இடம்பிடித்தன. ரம்பம், பிளேடு, பல் எல்லாமே அறுப்பவை, கிழிப்பவை. அந்த வரிசையில் 2000-க்குப் பிறகு எல்லார் வாயிலும் வந்து உட்கார்ந்த சொல், கூரே இல்லாத பொருளுக்கு உரியது: மொக்கை.

முதலில் சொன்னவர் யாரென்று தெரியாது. ஆனால் அவர் அறுப்பு வயலைப் பார்த்தவராகத்தான் இருக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றும். கூரான அரிவாள் தாளைத் தொட்டதும் போய்விடும். மொக்கை அரிவாள்தான் இழுத்து இழுத்து மணிக்கட்டைக் கொல்லும். சலிப்பு என்பது அந்த இரண்டாவது வகை வலி. ரம்பம் என்றவர்களைவிட மொக்கை என்றவர்கள் அதைச் சரியாகப் பிடித்துவிட்டார்கள்.

ஆண்டிபட்டிப் பக்கம் எங்கள் ஊர். அன்று மதுரை மாவட்டம், இன்று தேனி மாவட்டம். அங்கே இந்தச் சொல் வேலைக்காரச் சொல். அறுப்புக்கு முன்னால் பன்னரிவாள்களைக் கட்டித் தூக்கிக்கொண்டு பட்டறைக்குப் போவார்கள். 'பல்லெல்லாம் மொக்கையாப் போச்சு, வெட்டிக் குடுங்க' என்று சொன்னால் போதும், ஆசாரி உளியை எடுத்துப் பல்லைப் புதிதாகக் கொத்திக் கொடுப்பார். பம்பரத்தில் ஆணி மொக்கையாக இருந்தால் ஆக்கர் வைக்கும்போது அடுத்தவன் கட்டையில் இறங்காது. தெருக்கல்லில் தேய்த்துக் கூராக்குவோம். பள்ளிக்கூடத்தில் பென்சில் மொக்கையானால் அரை பிளேடு வைத்திருக்கும் பையனைத் தேடிப் போக வேண்டும். வகுப்பில் அவன்தான் செல்வாக்கானவன்.

இன்னொரு பொருளும் உண்டு. திரண்டு, பருத்து, கனமாக இருக்கும் எதையும் எங்கள் பக்கம் மொக்கை என்போம். வரப்பில் கிடக்கும் உருண்டைக் கல் மொக்கைக் கல். நல்ல உடற்கட்டுள்ள ஆள் மொக்கையான ஆள், அது பாராட்டு. மக்காச்சோளத்தை மொக்கைச்சோளம் என்பார்கள். கதிரைக் கையில் பிடித்துப் பார்த்தால் அந்தப் பெயர் பொருந்தும்.

இந்தப் பொருளில்தான் அது ஆள் பெயரிலும் ஏறியது. மொக்கையன், மொக்கையா, மொக்கைச்சாமி, மொக்கராசு: உசிலம்பட்டியிலிருந்து கம்பம் வரை எந்த ஊர் வாக்காளர் பட்டியலைப் புரட்டினாலும் இவற்றில் ஒன்றாவது முன்பு கண்ணில் படும். குழந்தை நோஞ்சானாகப் போய்விடக் கூடாது, திடகாத்திரமாக நிற்க வேண்டும் என்ற ஆசை அந்தப் பெயர்களில் இருக்கிறது. என் பெரியப்பாவுக்கும் அப்படித்தான் வைத்தார்கள். பெயருக்கேற்ற உடம்பு. கண்மாயில் மடை திறக்கும் நாளை அவரைக் கேட்காமல் முடிவு செய்ய மாட்டார்கள். கோயில் மணிக்கும் பொங்கல் பானைக்கும் அவர் கொடுத்த உபயத்தில் முழுப்பெயரும் வெட்டியிருக்கிறது. திருவிழாவில் பூசாரி பரிவட்டம் கட்டுவதற்கு முன் அந்தப் பெயரை உரக்கக் கூப்பிடுவார். கூட்டம் ஒதுங்கி வழிவிடும். யாரும் சிரித்து நான் பார்த்ததில்லை. சிரிக்க அதில் என்ன இருக்கிறது என்று அன்று கேட்டிருந்தால் எவருக்கும் புரிந்திருக்காது.

இன்று அதே சொல் எத்தனை வேலை செய்கிறது என்று பிள்ளைகள் பேசும்போது கவனித்துக் கேட்பேன். எனக்கு அதில் உண்மையான வியப்பு உண்டு. பின்னால் வரும் வினைதான் பொருளைத் தீர்மானிக்கிறது. மொக்கை போட்டான் என்றால் பேசியே கொன்றான். மொக்கை வாங்கினான் என்றால் நாலு பேர் நடுவில் அசிங்கப்பட்டான். மொக்கை பண்ணிட்டாங்க என்றால் மற்றவர்கள் அவனை மட்டம் தட்டினார்கள். பிளான் மொக்கை ஆயிருச்சு என்றால் நினைத்தது நடக்கவில்லை. பெயருக்கு முன்னால் வந்தால் தரம் குறைந்தது: மொக்கை படம், மொக்கை போன், மொக்கைக் கேள்வி. மோசம் எல்லை தாண்டினால் 'மரண மொக்கை'. யாழ்ப்பாணத்துப் பேச்சில் இதன் உறவுக்காரச் சொல் ஒன்று இருக்கிறது. அங்கே 'மொக்கு' என்றால் மந்தபுத்திக்காரன். கத்தியின் மழுங்கல் புத்தியின் மழுங்கலாவது இயல்பான நகர்வுதான்.

சொல் இப்படி நகர்வதில் எனக்குக் குறையில்லை. 'நாற்றம்' பழந்தமிழில் மணம். இன்று மூக்கைப் பொத்த வைக்கும் சொல். யாரும் அதற்காக வழக்குப் போடவில்லை. ஆனால் நாற்றம் என்று எவருக்கும் பெயர் கிடையாது. மொக்கை மாறியபோது அதற்குள் ஆட்கள் இருந்தார்கள்.

பெரியப்பாவின் மூத்த பேரனுக்கு அவர் பெயரையே வைத்தார்கள். பேரன் என்பதே பெயரன்தான். தாத்தாவின் பெயரைச் சுமப்பவன். ஊரில் இருந்தவரை அவனுக்கு அது பெருமை. பொறியியல் படிக்க வெளியூர்க் கல்லூரியில் சேர்ந்த முதல் வாரத்திலேயே அந்தப் பெருமை முடிந்துவிட்டது. வருகைப் பதிவேட்டில் பெயரை வாசித்ததும் வகுப்பு முழுக்கச் சிரிப்பு. வாசித்த ஆசிரியரும் சிரித்தார் என்று அவன் சொன்னபோதுதான் எனக்குக் கோபம் வந்தது. பதினெட்டு வயதுப் பிள்ளைகள் சிரிப்பார்கள், அடுத்த நாள் தோளில் கை போட்டுக்கொள்வார்கள். ஆசிரியர் சிரித்தால் அது முத்திரை மாதிரி விழுந்துவிடும். நான்கு ஆண்டும் அவன் கேள்வி கேட்க எழுந்தாலே 'மொக்கை போடப் போறான்' என்று குரல் வருமாம். நன்றாகப் பேசக்கூடிய பையன். கேள்வி கேட்பதை நிறுத்திவிட்டான்.

படிப்பு முடிந்ததும் முறைப்படி விண்ணப்பித்து, அரசிதழில் வெளியிட்டு, பெயரை மாற்றிக்கொண்டான். அந்த அரசிதழ்ப் பக்கத்தை எனக்குக் காட்டினான். இடதுபுறம் பழைய பெயர், 'இனி இவ்வாறு அழைக்கப்படுவார்' என்ற வாசகம், பிறகு புதுப் பெயர். எந்த ஊரிலும் எவரும் சிரிக்க முடியாத, எந்த ஊருக்கும் சொந்தமில்லாத ஒரு பெயர். 'சித்தப்பா, தாத்தா மேல கோவமில்ல, என்னால தினமும் முடியல' என்றான். அவனைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை, இன்றும் வராது.

மாற்றாதவர்களையும் சொல் விட்டுவைக்கவில்லை. அப்பா பெயரை ஒற்றை எழுத்தாக முன்னால் வைப்பது நம் வழக்கம். ஆங்கிலத்தில் 'எம்.' என்று போட்டால் முருகனோ மாரியப்பனோ யாருக்குத் தெரியும்? 2021-இல் தமிழக அரசு முன்னெழுத்தையும் தமிழிலேயே எழுத வேண்டும் என்று ஆணையிட்டது. நல்ல ஆணை, நான் வரவேற்றேன். என் கையெழுத்து எப்போதும் தமிழில்தான். ஆனால் எங்கள் ஊர்ப் பள்ளியில் ஒரு சிறுமியின் நோட்டு அட்டையில் 'எம்.' இருந்த இடத்துக்கு 'மொ.' வந்தது. வேறு எந்தப் பெயர் அந்த எழுத்தில் தொடங்கும்? மறுநாளே வகுப்புக்குத் தெரிந்துவிட்டது. அவள் அப்பா, எனக்கு மாமா முறை, பள்ளிக்கூட வாசலில் என்னிடம் கேட்டார்: 'ஏ மாப்ள, எங்கப்பன் ஆத்தா ஆசையா வச்ச பேரு. இதுல நான் என்ன தப்புப் பண்ணேன்?'

கடவுச்சீட்டு இன்னொரு கதை. அதில் முன்னெழுத்து செல்லாது, விரித்து எழுத வேண்டும். இங்கே வாழ்நாள் முழுக்க ஒற்றை எழுத்துக்குள் ஒளிந்திருந்த அப்பா, விமானம் ஏறியதும் குடும்பப் பெயராகிவிடுகிறார். வெளிநாட்டு அலுவலகங்களில் எங்கள் ஊர்ப் பெண்களை அந்தப் பெயரால்தான் மரியாதையாக அழைக்கிறார்கள். அங்கே இருப்பவர்களுக்கு அது ஒரு நீளமான இந்தியப் பெயர், அவ்வளவுதான். சிரிப்பு வருவது பக்கத்து மேசைத் தமிழரிடமிருந்து.

கேலிச் சொல்லாகிவிட்ட ஒன்றை மீட்க முடியாதென்று நான் நம்பவில்லை. 'புறம்போக்கு' நிலவரித் துறையின் சொல். பட்டா போடாத, ஊருக்குப் பொதுவான நிலம்: மேய்ச்சல், கண்மாய், பாதை. அது எப்படியோ வசவாகிவிட்டது. 2017 ஜனவரியில் கபேர் வாசுகி எழுதி டி.எம். கிருஷ்ணா பாடிய சென்னைப் புறம்போக்குப் பாடல் எண்ணூர்க் கழிமுகத்தின் முன்னால் நின்று அந்தச் சொல்லுக்கு மறுபடி மானம் கேட்டது. அதைக் கேட்ட பிறகு என்னால் புறம்போக்கு என்று எவரையும் திட்ட முடிந்ததில்லை. ஒரு சொல்லை அது பிறந்த மண்ணில் வைத்துக் காட்டினால் கேட்பவர்களில் சிலராவது மாறுவார்கள்.

அதனால்தான் இளைஞர்கள் கூடும் இடங்களில் மொக்கைச்சோளத்தையும் பன்னரிவாளையும் பற்றிப் பேசுகிறேன். சொல்லை விட்டுவிடுங்கள் என்று கேட்பதில்லை. விடவும் கூடாது. அதன் புதுப் பொருள்களில் ஒன்று எனக்கு மிகவும் பிடித்தது. 'சும்மா வா மச்சான், கொஞ்ச நேரம் மொக்கை போடலாம்' என்று ஒருவன் அழைக்கும்போது அதில் சலிப்பும் இல்லை, ஏளனமும் இல்லை. காரியம் எதுவும் இல்லாமல், ஒருவருக்கொருவர் பக்கத்தில் இருப்பதற்காக மட்டும் பேசலாம் என்கிறான். அதற்கு முன்பு நம்மிடம் இருந்தவை வெட்டிப்பேச்சு, ஊர்வம்பு என்ற கண்டிப்பான சொற்கள். பெரியவர்கள் திட்டுவதற்கு வைத்திருந்தவை. பேசுகிறவர்களே தங்கள் பேச்சுக்கு அன்போடு வைத்துக்கொண்ட பெயர் இதுதான்.

பெரியப்பா மந்தை வேம்படியில் இருட்டும்வரை செய்ததும் அதைத்தான். எந்த வருசம் கண்மாய் மறுகால் போனது, வைகை அணை கட்டியபோது யார் யார் கல் சுமந்தார்கள், எந்தக் காளை எந்தத் தொழுவத்தில் பிடிபடாமல் வெளியே வந்தது. சொன்ன கதையையே சொல்வார். நாங்கள் அதே இடத்தில் அதே கேள்வியைக் கேட்போம். 'அப்புறம் என்னாச்சு பெரியப்பா?' இந்தத் தலைமுறையின் சொல்லில் சொன்னால் அவர் எங்கள் ஊரின் மிகப் பெரிய மொக்கை. அதைக் கேட்டு வளர்ந்ததால்தான் எனக்கு எழுத வருகிறது என்று உறுதியாக நம்புகிறேன்.

அவருடைய இன்னொரு பேரன் கல்யாணப் பத்திரிகையில், ஆசி வழங்கும் முன்னோர் வரிசையில், அவர் 'எம். சாமி' ஆகியிருந்தார். நடுவில் இருந்ததை எடுத்துவிட்டார்கள். பெண் வீட்டார் பார்ப்பார்களே என்றார் மதினி. நான் அச்சகத்துக்கே போய் முழுப்பெயரோடு ஒரு கட்டு தனியாக அடித்து, எங்கள் ஊருக்கு அதைக் கொடுத்தேன். மதினி அதற்குப் பிறகு சில காலம் என்னோடு பேசவில்லை.

இப்போது அந்த வீட்டில் ஆண் குழந்தை பிறந்திருக்கிறது, பூர நட்சத்திரம். ஜோசியர் கொடுத்த எழுத்துகள் மோ, ட, டி, டு. மோவில் தொடங்கும் புதுப் பெயர்களாகத் தேடிக்கொண்டிருக்கிறார்கள். நான் என் பங்குக்கு ஒரு வாதம் வைத்திருக்கிறேன். பழைய ஓலைச்சுவடிகளில் மொவையும் மோவையும் வடிவத்தால் பிரிப்பது கடினம். குறிலுக்குப் புள்ளி வைக்கச் சொன்னது இலக்கணம், ஓலை கிழியும் என்று பெரும்பாலும் வைக்க மாட்டார்கள். வீரமாமுனிவர் 18-ஆம் நூற்றாண்டில் நெடிலுக்குத் தனி வடிவம் தந்த பிறகுதான் வேறுபாடு தெளிவானது. ஆகவே ஜோசியரின் எழுத்தில் மொவும் அடக்கம் என்றேன். குழந்தையின் அப்பா கொஞ்சம் யோசித்தான். அவன் மனைவி, 'அழைக்கிற பேரா வேணும்னா வச்சுக்கலாம் மாமா, சர்டிஃபிகேட்ல வேணாம்' என்றாள். சான்றிதழில்தான் வேண்டும் என்றேன்.

பிறப்பைப் பெயரில்லாமலேயே பதிந்திருக்கிறார்கள். ஓராண்டுக்குள் கட்டணம் இல்லாமல் பெயரைச் சேர்க்கலாம், அதற்குப் பிறகு தாமதக் கட்டணத்தோடு 15 ஆண்டு வரை அவகாசம் உண்டு. அடுத்த மாதம் காது குத்துக்கு எல்லாரும் ஊருக்கு வருகிறார்கள். கோயில் பானையில் வெட்டியிருக்கும் பெயரைத் துலக்கி வைக்கச் சொல்லிப் பூசாரியிடம் பேசியிருக்கிறேன்.